வாசல் திறந்த ஆண்டு 1960: இடிக்கப்பட்ட சிங்கப்பூர் தேசிய நூலகக் கட்டடத்தின் வரலாறு

சிங்கப்பூரின் ஸ்டாம்ஃபர்ட் சாலையில், ஃபோர்ட் கேனிங் சுரங்கச் சாலைக்கு அருகே, செங்கல்லால் கட்டிய இரண்டு வாயில் தூண்கள் நிற்கின்றன. இரண்டுக்கும் நடுவே கதவு இல்லை. இரு பக்கமும் மதிலும் இல்லை. பக்கத்துப் பல்கலைக்கழகத்து மாணவர்கள் சாப்பாட்டு நேரத்தில் அவற்றைக் கடந்து போகிறார்கள். வெளியூரிலிருந்து வருபவர் எதற்காக இப்படி இரண்டு தூண்களை விட்டுவைத்திருக்கிறார்கள் என்று ஒரு கணம் யோசிக்கக்கூடும். 1960 நவம்பர் 12 முதல் 2004 மார்ச் 31 வரை, 43 ஆண்டுகளுக்குச் சற்று மேல், தேசிய நூலகம் இயங்கிய இடம் அது. அந்த மனையிலேயே தங்கிய மிச்சம் இந்தத் தூண்கள்தான்.

இந்தக் கட்டடம் இடிபட்ட கதையைச் சிங்கப்பூரர்கள் பலமுறை சொல்லிவிட்டார்கள். பெரும்பாலும் ஏக்கத்தோடுதான். தேர்வுக்குப் படித்த மேசை, நண்பர்களோடு உட்கார்ந்த படிக்கட்டு, பசித்தால் பக்கத்து எஸ்-11 உணவுக்கடைத் தொகுதி என்று ஒவ்வொருவருக்கும் ஒரு பட்டியல் உண்டு. அந்த ஏக்கம் பொய்யில்லை. ஆனால் அதை மட்டும் வைத்துக்கொண்டு வாதாடினால், 'உங்கள் இளமைக்காக ஒரு சாலையை நிறுத்திவைக்க முடியுமா?' என்ற எதிர்க்கேள்விக்குப் பதில் கிடைக்காது. இக்கட்டுரை எடுத்துக்கொள்ளும் கேள்வி வேறு. இந்நூலகம் எந்தெந்தக் கூரைகளின் கீழ் வாழ்ந்தது, ஒவ்வொரு கூரையின் கீழும் எவர் நுழைய முடிந்தது, எந்த மொழிக்கு அலமாரி கிடைத்தது? இதைத் தொடர்ந்து பார்த்தால், 2000-ஆம் ஆண்டில் 'கட்டடக்கலைச் சிறப்புப் போதாது' என்று சொல்லப்பட்டபோது எதை அளந்தார்கள், எதை அளக்காமல் விட்டார்கள் என்பது தெரியவரும்.

நான்கு வீடு மாறிய நூலகம்

1823 ஜூன் 5 அன்று ஸ்டாம்ஃபர்ட் ராஃபிள்ஸ் சிங்கப்பூர் இன்ஸ்டிடியூஷனுக்கு அடிக்கல் நாட்டினார். இந்த வட்டாரத்து மொழிகளைக் கற்பிப்பதும் அவற்றின் நூல்களைத் திரட்டுவதும் அவருடைய திட்டத்தில் இருந்தன. அடிக்கல் நாட்டிய சில நாள்களில் அவர் ஊரைவிட்டே போய்விட்டார். கட்டடம் பல ஆண்டுகள் அரைகுறையாகக் கிடந்தது. 1837-இல்தான் அங்கே பள்ளி குடியேறியது. கூடவே ஒரு சிறு நூலகமும் வந்தது.

1845-இல் அந்த விதையிலிருந்து 'சிங்கப்பூர் நூலகம்' முளைத்தது. பெயரைப் பார்த்து ஊருக்கே பொதுவானது என்று எண்ணிவிடக் கூடாது. பங்கு வாங்கியவர்களுக்கும் மாதச் சந்தா கட்டியவர்களுக்கும் உரியது அது. இன்றைய கணக்கில் ஒரு மனமகிழ் மன்றத்துக்கு நெருக்கமானது. உறுப்பினர்கள் பெரும்பாலும் ஐரோப்பிய வணிகர்களும் அலுவலர்களும். 1862-இல் அது டவுன் ஹாலுக்குப் போனது. பணம் போதாமல் தள்ளாடியபோது, 1874-இல் அரசு அதை ஏற்று ஓர் அருங்காட்சியகத்தையும் சேர்த்து 'ராஃபிள்ஸ் நூலகமும் அருங்காட்சியகமும்' ஆக்கியது. 1876-இல் மறுபடியும் பழைய பள்ளிக் கட்டடம். பிறகு 1887 அக்டோபர் 12 அன்று, விக்டோரியா அரசியின் பொன்விழா ஆண்டில், ஸ்டாம்ஃபர்ட் சாலையில் வெண்ணிறக் குவிமாடத்தோடு எழுந்த புது மாளிகையில் நூலகமும் அருங்காட்சியகமும் ஒன்றாகக் குடிபுகுந்தன. இன்றைய தேசிய அருங்காட்சியகம் அதுதான்.

இந்த 1887-ஐத் தமிழ் வாசகர் சற்று நின்று பார்க்க வேண்டும். அதே பொன்விழாவையொட்டி, அதே ஆண்டு ஜூன் 27 அன்று, மகதூம் சாயபு 'சிங்கை நேசன்' வார இதழைத் தொடங்கினார். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த சதாசிவ பண்டிதரின் 'சிங்கை நகரந்தாதி' அச்சேறியதும் அதே ஆண்டில். அதற்கு 15 ஆண்டுகளுக்கு முன்பே, 1872-இல், முகம்மது அப்துல் காதிறுப் புலவரின் 'முனாஜாத்துத் திரட்டு' இங்கே அச்சாகியிருந்தது. ஆக, அரசியின் பெயரால் ஊருக்கு ஒரு நூல் மாளிகை கிடைத்த ஆண்டில், அதே அரசியை வாழ்த்தித் தமிழ் அச்சுக்கூடமும் சுறுசுறுப்பாக ஓடிக்கொண்டிருந்தது. இரண்டும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை என்பதுதான் செய்தி.

மாளிகையின் நூல்கள் பெரும்பாலும் ஆங்கிலம். உள்ளே உட்கார்ந்து படிக்கலாம். வீட்டுக்கு எடுத்துப்போகச் சந்தா கட்ட வேண்டும். மலாய் உலகை ஆராய்ந்த ஜே. ஆர். லோகனின் சேகரிப்பும், மொழியறிஞர் ரைன்ஹோல்ட் ராஸ்டின் சேகரிப்பும் பத்தொன்பதாம் நூற்றாண்டு முடிவதற்குள் அங்கே வந்து சேர்ந்தன. ஆய்வாளர்களுக்கு இன்றும் அவை பொக்கிஷம்தான். ஆனால் அவை இவ்வட்டாரத்து மக்களையும் மொழிகளையும் பற்றி அறிஞர்கள் திரட்டியவை. அந்த மொழிகளில் அன்றாடம் படிப்பவனுக்காக வாங்கியவை அல்ல. மொழிகளைப் பற்றிய நூல்கள் வந்தன, அம்மொழிகளின் வாசகர்கள் வரவில்லை என்று சுருக்கலாம்.

அப்படியானால் சிங்கப்பூரின் தொடக்காலத் தமிழ் அச்சு எங்கே பிழைத்தது? லண்டனில். நீரிணைக் குடியேற்றங்களில் 1886-இல் வந்த நூல் பதிவுச் சட்டத்தின் தொடர்ச்சியாக இங்கு அச்சான நூல்களும் இதழ்களும் பிரிட்டிஷ் அருங்காட்சியக நூலகத்துக்குக் கப்பலேறின. 'சிங்கை நேசன்' இதழ்கள் அங்கே பாதுகாக்கப்பட்டதால்தான், எழுத்தாளர் நா. கோவிந்தசாமி போன்றவர்கள் பின்னாளில் 1888-இல் அதில் வந்த 'விநோத சம்பாஷணை'யைச் சிங்கப்பூரின் முதல் தமிழ்ச் சிறுகதை என்று வாதிட முடிந்தது. அச்சான ஊரில் அதற்கொரு அலமாரி இல்லை. கடல் கடந்த ஊரில் இருந்தது. காலனிய ஆட்சியின் விந்தைகளில் இதுவும் ஒன்று.

1942 பிப்ரவரி 15-இல் சிங்கப்பூர் ஜப்பானியர் கையில் விழுந்தபோது, நூலகம் சூறையாடப்பட்டிருக்க வேண்டும். ஆகவில்லை. தாவரவியல் பூங்காவிலிருந்த ஈ. ஜே. எச். கார்னர் என்ற ஆங்கிலேயரும், டனாகடாடே என்ற ஜப்பானியப் பேராசிரியரும் சேர்ந்து நூல்களையும் அரும்பொருள்களையும் காத்தார்கள். கைவிடப்பட்ட வீடுகளில் கிடந்த புத்தகங்கள்கூட இங்கே கொண்டுவரப்பட்டன. போர் முடிந்து நூலகம் மறுபடி திறந்தபோது, குறைந்ததைவிடக் கூடியதே மிகுதி என்று சொல்லும்படி இருந்தது. ஆனால் சந்தா முறை அப்படியே தொடர்ந்தது.

ஒரு நன்கொடையும் அதன் நிபந்தனையும்

மாற்றம் 1953-இல் தொடங்கியது. ரப்பரிலும் அன்னாசியிலும் பெரும் செல்வம் சேர்த்த லீ கொங் சியான், புதிய நூலகக் கட்டடத்துக்கு 375,000 வெள்ளி தருவதாக அறிவித்தார். கொடையாளர்கள் பொதுவாகக் கேட்பது தம் பெயரைத்தான். இவர் கேட்டது வேறு: நூலகம் கட்டணமில்லாததாக இருக்க வேண்டும், ஆங்கிலத்தோடு நிற்காமல் இங்குள்ள மக்களின் தாய்மொழி நூல்களையும் வாங்க வேண்டும். சீனத்திலிருந்து இளவயதில் வந்த ஒரு சீன வணிகர் வைத்த இந்த நிபந்தனைதான் தமிழ் நூல்களுக்கும் சேர்த்து வழிவிட்டது. இந்தக் கடனைச் சிங்கப்பூர்த் தமிழர்கள் போதிய அளவு நினைவுகூரவில்லை என்பது என் கருத்து.

அந்த நிபந்தனை வெற்றிடத்தில் விழவில்லை. 1950-களின் சிங்கப்பூரில் மொழியுரிமைப் பேச்சு தெருவெங்கும் இருந்தது. 1935 முதல் 'தமிழ் முரசு' நடத்திவந்த கோ. சாரங்கபாணி, மலாயாப் பல்கலைக்கழகத்தில் தமிழுக்கு இடம் கேட்டுப் போராடினார். 'தமிழ் எங்கள் உயிர்' என்ற பெயரில் தொழிலாளர்களிடம்கூடச் சில்லறையாகச் சேர்த்த நிதி அந்த இடத்துக்கு வலுவூட்டியது. 1956-இல் அப்பல்கலைக்கழகத்தில் இந்தியவியல் துறை வந்தது. அதே ஆண்டு, சீனக் கல்வி குறித்து அமைந்த அனைத்துக் கட்சிக் குழு நான்கு மொழிப் பள்ளிகளையும் சமமாக நடத்தப் பரிந்துரைத்தது. பொது நூலகத்தில் தமிழுக்கு அலமாரி என்பது இந்த அலையின் இன்னொரு துளி.

1957 ஆகஸ்ட் 16 அன்று லீ கொங் சியானே அடிக்கல் நாட்டினார். அவ்வாண்டு இயற்றப்பட்ட ராஃபிள்ஸ் தேசிய நூலகச் சட்டம் 1958 ஏப்ரல் 1 அன்று நடப்புக்கு வந்தது, சந்தா ஒழிந்தது. 1845-இல் தொடங்கிய சந்தா வழக்கத்துக்கு அன்றோடு வயது 113. 'ராஃபிள்ஸ்', 'தேசியம்' இரண்டும் ஒரே பெயர்ப்பலகையில் எப்படி ஒட்டும் என்று கேட்டவர்கள் உண்டு. கேள்வியில் நியாயம் இருந்தது. 1960 முடிவதற்குள் ராஃபிள்ஸ் விழுந்து, 'தேசிய நூலகம்' நிலைத்தது.

1960 நவம்பர் 12 அன்று புதுக் கட்டடத்தைத் திறந்து வைத்தவர், அப்போது யாங் டி-பெர்துவான் நெகாரா பதவியில் இருந்த யூசோஃப் இஷாக். 1939-இல் 'உத்துசான் மெலாயு' நாளேட்டைத் தொடங்கிய பத்திரிகையாளர் அவர். நாட்டுத் தலைவராக வந்த ஒருவர் அச்சு மையின் வாசம் அறிந்தவராக இருப்பது எல்லா நூலகத்துக்கும் வாய்ப்பதில்லை. அதே ஆண்டு ஹெட்விக் அனுவார் நூலக இயக்குநரானார். இந்நிலத்தைச் சேர்ந்தவர்களில் அப்பொறுப்புக்கு வந்த முதல் ஆள். இடையில் விலகி, 1965-இல் மீண்டும் வந்து, 1988 வரை நடத்தினார். திரையரங்குகளின் அதிபரும் பறவை ஆர்வலருமான லோக் வான் தோ வாரியத் தலைவராக இருந்தார். தென்கிழக்காசிய நூல்களுக்கென 1964-இல் தனி அறை திறக்கப்பட்டது. அதற்குச் சில வாரங்களுக்கு முன், ஜூனில், அவர் தைவானில் விமான விபத்தில் இறந்துபோனார்.

இங்கே யாழ்ப்பாணத்தை நினைக்காமல் தாண்ட முடியவில்லை. யாழ்ப்பாணப் பொது நூலகத்தின் புதுக் கட்டடம் திறக்கப்பட்டது 1959 அக்டோபர் 11-இல். ஸ்டாம்ஃபர்ட் சாலைக் கட்டடத்துக்கு ஓராண்டு மூத்தது. 1981 ஜூன் முதல் நாளுக்கு முந்தைய இரவில் அதற்கு வைக்கப்பட்ட தீயில் ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் போயின. சுவர் பின்னர் சீராக்கப்பட்டு மறுபடி எழுந்தது. சிங்கப்பூரில் நடந்தது அதற்கு நேர்மாறு: நூல் ஒன்றுகூடச் சாம்பலாகவில்லை, எல்லாம் பெட்டி கட்டிப் பத்திரமாகப் போய்ச் சேர்ந்தன, சுவர்தான் போனது. இரண்டையும் ஒரே தட்டில் வைப்பது அநியாயம். ஆனால் 'நூலகம் அழிந்தது' என்று நாம் சொல்லும்போது எதைச் சொல்கிறோம் என்று தெளிந்துகொள்ள இந்த வேறுபாடு உதவும்.

யாருக்கும் பிடிக்காத செங்கல்

கட்டடத்தை வரைந்தவர் பொதுப்பணித் துறையின் லியோனல் பின்ட்லி. பூச்சு இல்லாத செந்நிறச் செங்கல் முகப்பு; அலங்காரம் என்று சொல்ல அதிகமில்லை. ஐம்பதுகளின் இங்கிலாந்தில் பல்கலைக்கழகங்களும் நகர மன்றங்களும் கட்டிய பாணியின் தூரத்து உறவு. பக்கத்திலேயே 1887-இன் வெண்ணிற மாளிகை. பளிங்குபோல் நிற்கும் ஒரு பெரிய மனிதர் பக்கத்தில் வேலை உடுப்போடு வந்து நின்ற ஆள் மாதிரி இருந்திருக்கும்.

திறந்த நாளிலேயே கட்டடம் வசவு வாங்கியது. சூழலோடு பொருந்தவில்லை, கனமாகத் தட்டையாக இருக்கிறது என்றெல்லாம் ஊரில் பேச்சு. 2000-இல் அதைக் காப்பாற்ற எழுதியவர்கள் பலர் இதை மறந்துவிட்டார்கள். அல்லது நினைவூட்டினால் வழக்கு பலவீனப்படும் என்று விட்டுவிட்டார்கள். விடத் தேவையில்லை. 1960-இல் அழகில்லை என்றவர்களும் 2000-இல் அழகில்லை என்றவர்களும் ஒன்றையேதான் பார்த்தார்கள்: முகப்பு. இடைப்பட்ட நாற்பது ஆண்டுகளில் முகப்பைத் தாண்டி உள்ளே போனவர்கள் வேறொன்றைப் பார்த்தார்கள்.

உள்ளே நான்கு மொழிகளில் நூல்கள். சந்தாச் சீட்டு இல்லை. நூலின் கடைசிப் பக்கத்தில் ஒட்டிய தாளில் திருப்பித் தர வேண்டிய நாளை முத்திரை குத்திக் கொடுப்பார்கள். ஒரே தாளில் மேலிருந்து கீழாக வரிசையாக விழும் அந்தத் தேதிகளைப் படிக்கத் தெரிந்தால், ஒரு புத்தகத்தின் வாழ்க்கை வரலாறு கிடைக்கும்: எந்த மாதம் ஓடியது, எந்த வருடம் தூங்கியது. கணினி வந்தபின் அந்தத் தாள் போனது. இன்று ஒரு தமிழ் நாவலை 1970-களில் எத்தனை பேர் எடுத்துப் படித்தார்கள் என்று தேடும் ஆய்வாளருக்கு அந்த முத்திரைத் தாள் எவ்வளவு பெரிய ஆவணம் என்பது தெரியும்.

இருந்த இடமும் முக்கியம். நூலகத்துக்கு அருகே ஓடுவது பிராஸ் பாசா சாலை. மலாய் மொழியில் 'பெராஸ் பாசா' என்றால் நனைந்த அரிசி. முன்பு இங்கே ஓடிய நீரோடைக் கரையில் நனைந்த அரிசியைக் காயவைத்ததால் வந்த பெயர் என்பார்கள். இருபதாம் நூற்றாண்டில் அங்கே பரப்பி வைத்திருந்தது புத்தகம். பழைய சிங்கப்பூர் இன்ஸ்டிடியூஷனே பெயர் மாறிய ராஃபிள்ஸ் இன்ஸ்டிடியூஷன், செயின்ட் ஜோசஃப் பள்ளி, கான்வென்ட் எல்லாம் நடந்து போகும் தூரம். சாலையோரம் பழைய பாடநூல் கடைகள். மணி அடித்தால் மாணவர்கள் ஒரு பக்கம் கடைக்கும் மறுபக்கம் நூலகத்துக்கும் ஓடுவார்கள். நூலகம் தனியே நின்ற கட்டடம் அல்ல. ஒரு வாசிப்புப் பேட்டையின் நடுமுற்றம்.

இடிப்பு உண்மையில் எப்போது தொடங்கியது என்று கேட்டால், 2004 என்று சொல்ல எனக்கு மனமில்லை. 1972-இல் ராஃபிள்ஸ் இன்ஸ்டிடியூஷன் வேறிடம் போனது. நூலகத்தின் முதல் வீடான அந்தப் பழைய கட்டடம் இடிக்கப்பட்டு, அவ்விடத்தில் பின்னாளில் ராஃபிள்ஸ் சிட்டி வணிக வளாகம் எழுந்தது. 1980-இல் சாலையோரப் புத்தகக் கடைகள் பிராஸ் பாசா காம்ப்ளெக்ஸ் அடுக்குமாடிக்குள் போயின. 1983-இல் கான்வென்ட்டும் 1988-இல் செயின்ட் ஜோசஃப் பள்ளியும் வேறிடம் போயின. மறுபக்கம் 1970-இல் குவீன்ஸ்டவுன், 1974-இல் தோ பாயோ என்று கிளை நூலகங்கள் மக்கள் குடியேறிய வட்டாரங்களுக்கே போய்த் திறந்தன. அது நல்ல கொள்கை; நானும் அதன் பயனாளிதான். ஆனால் இரண்டும் சேர்ந்து நடுமுற்றத்தைச் சுற்றியிருந்த வீடுகளைக் காலி செய்தன. முற்றம் மட்டும் தனியே நின்றது. தனியே நிற்பதை இடிப்பது எளிது.

350 மீட்டர்

1995 செப்டம்பர் 1 அன்று தேசிய நூலக வாரியம் அமைந்தது. 1997-இல் ஸ்டாம்ஃபர்ட் சாலைக் கட்டடம் மாதக்கணக்கில் மூடிப் புதுப்பிக்கப்பட்டது. முற்றத்தில் காப்பிக் கடை வந்தது. திறந்தபோது இளைஞர் கூட்டம் மொய்த்தது. அப்படிப் பணம் செலவழித்த கட்டடத்தைச் சில ஆண்டுகளில் இடிக்கப்போகிறார்கள் என்று மக்கள் எதிர்பார்க்கவில்லை.

அந்தப் பத்தாண்டின் முடிவில் இரண்டு திட்டங்கள் ஒன்றாக வந்து சேர்ந்தன. ஒன்று, ஃபோர்ட் கேனிங் குன்றைக் குடைந்து ஸ்டாம்ஃபர்ட் சாலையிலிருந்து பெனாங் சாலைப் பக்கம் வாகனங்களைக் கொண்டுபோகும் சுரங்கம். இன்னொன்று, பிராஸ் பாசாவில் சிங்கப்பூர் நிர்வாகப் பல்கலைக்கழகத்தின் வளாகம். சாலையை மாற்றினால் நெரிசலும் குறையும், வளாகத்துக்கு நிலமும் சீராகக் கிடைக்கும். சுரங்கத்தின் வழியில் நூலகம் நின்றது. இதில் ஒரு கேலி உண்டு: பள்ளிகளை எல்லாம் பேட்டையைவிட்டு அனுப்பிய பிறகு, மாணவர்களை மறுபடி அங்கே கொண்டுவருவதற்காக நூலகத்தை எடுத்தார்கள்.

எதிர்ப்பு எழுந்தது. பத்திரிகைக்குக் கடிதங்கள் குவிந்தன, கூட்டங்கள் நடந்தன. கட்டடக் கலைஞர் டே கெங் சூன் 2000-இன் தொடக்கத்தில் ஒரு மாற்றுத் திட்டத்தை வரைந்து காட்டினார்: சுரங்கத்தின் போக்கைச் சற்று மாற்றினால் நூலகமும் நிற்கும், பல்கலைக்கழகமும் வரும். சிங்கப்பூர் மரபுடைமைக் கழகம் அதே ஆண்டு நினைவுகளும் கட்டுரைகளுமாக ஒரு நூல் வெளியிட்டது; தொகுத்தவர்களில் ஒருவர் சமூகவியலாளர் குவோக் கியான் வூன். ஒரு கட்டடம் உயிரோடு இருக்கும்போதே அதற்கு இரங்கல் நூல் வருவது அபூர்வம். 2000 மார்ச்சில், அப்போதைய தேசிய வளர்ச்சி அமைச்சர் மா பாவ் டான் நாடாளுமன்றத்தில் முடிவைச் சொன்னார்: நூலகம் போகத்தான் வேண்டும். பாதுகாக்கும் அளவுக்குக் கட்டடக்கலைச் சிறப்பு இல்லை என்பது அரசுத் தரப்பு.

அந்த வாக்கியத்தை நேர்மையாக எடைபோட வேண்டும். கட்டடக்கலை என்ற ஒற்றைப் பாடத்தில் பின்ட்லியின் செங்கல் கட்டடம் முதல் வகுப்பு வாங்காது. அதை ஒப்புக்கொள்வதில் எனக்குத் தயக்கமில்லை. பக்கத்து 1887 மாளிகை வாங்கும், வாங்கியது. 1992-இல் அது தேசிய நினைவுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. இரண்டையும் அருகருகே வைத்து வாசகர் கண்ணால் பார்த்தால் கணக்கு தலைகீழாகிறது. சந்தா கட்டியவருக்கு ஆங்கில நூலை வீட்டுக்குக் கொடுத்த கூரை நினைவுச் சின்னம். யாரையும் காசு கேட்காமல் உள்ளே விட்ட, தமிழையும் சீனத்தையும் மலாயையும் ஆங்கிலத்தோடு ஒரே தளத்தில் அடுக்குவதற்கென்றே கட்டிய முதல் கூரை, சாலைக்கு இடைஞ்சல். 1887-ஐக் காத்தது தவறு என்று சொல்லவில்லை. அதைக் காத்த அளவுகோலால் 1960-ஐ அளந்தது தவறு. நினைவுச் சின்னச் சட்டங்கள் கல்லையும் வளைவையும் அளக்கப் பழகியவை. ஒரு வாசல் எந்தத் தேதியில் யாருக்குத் திறந்தது என்பதை அளக்க அப்போது அவற்றிடம் கோல் இல்லை.

2004 மார்ச் 31, புதன்கிழமை. கடைசி நாள். பலர் கேமராவோடு வந்தார்கள். நூல் எடுக்க வந்தவர்களைவிடச் சுவரைப் பார்க்க வந்தவர்கள் மிகுதி; ஆயுள் முழுக்கக் கட்டடத்தின் முகத்தை யாரும் இவ்வளவு கவனமாகப் பார்த்ததில்லை. அவ்வாண்டின் நடுவில் இடிப்பு வேலை தொடங்கியது. சுரங்கம் 2007 ஜனவரியில் திறந்தது. நீளம் 350 மீட்டர். மணிக்கு 50 கிலோமீட்டரில் ஓட்டினால் 25 விநாடி. இந்தக் கணக்கைச் சொல்லிச் சொல்லியே ஒரு தலைமுறை அரசைக் குத்திக்காட்டியது. ஓட்டுநர்களோ அதற்குள் பழகிவிட்டார்கள்.

நூலகம் விக்டோரியா ஸ்திரீட்டுக்குப் போனது. கென் யாங் வடிவமைத்த 16 மாடிக் கட்டடம் 2005 ஜூலையில் மக்களுக்குத் திறந்தது. அதிகாரபூர்வத் திறப்பு 2005 நவம்பர் 12. செங்கல் கட்டடம் திறந்த அதே தேதி, 45 ஆண்டுகள் கழித்து. திறந்து வைத்தவர் அதிபர் எஸ். ஆர். நாதன், தமிழ்க் குடும்பத்துப் பிள்ளை. உள்ளே உள்ள மேற்கோள் நூலகத்துக்கு லீ கொங் சியான் பெயர். அவருடைய அறநிறுவனம் 60 மில்லியன் வெள்ளி கொடுத்தது. 1953-இல் பெயர் கேட்காதவருக்குப் பேரப்பிள்ளைகள் காலத்தில் பெயர் கிடைத்தது. பழைய கட்டடத்தின் செங்கற்களில் சிலவற்றை எடுத்துவந்து புதுக் கட்டடத்தின் அடித்தளத்தில் ஒரு சுவராக எழுப்பியிருக்கிறார்கள். எதையும் தாங்காத சுவர், தொட்டுப் பார்க்கலாம்.

புதுக் கட்டடத்தைக் குறை சொல்ல ஆய்வாளருக்கு வாய் வராது. இடம் தாராளம், தமிழ் நூல்கள் முன்னைவிடப் பன்மடங்கு. 2015-இல் தமிழ்ச் சமூகமும் நூலக வாரியமும் சேர்ந்து 1965 முதல் அரை நூற்றாண்டுக் காலத்துச் சிங்கப்பூர்த் தமிழ் இலக்கிய நூல்களை மின்வடிவில் ஏற்றின. 1887-இல் மாளிகைக்குள் வராத 'சிங்கை நேசன்' இன்று நூலக வாரியத்தின் செய்தித்தாள் தளத்தில் இருக்கிறது; லண்டனுக்குப் போகாமல், விக்டோரியா ஸ்திரீட்டுக்குக்கூடப் போகாமல், கைப்பேசியில் பக்கம் புரட்டலாம்.

அந்தத் தளத்தில் தேடினால் 1957-இன் அடிக்கல் நாட்டு விழாச் செய்தி வருகிறது. 1960-இன் திறப்புச் செய்தியும் வருகிறது. ஸ்டாம்ஃபர்ட் சாலையில் தூண்களைக் கடந்து போகும் மாணவர்களில் யாராவது ஒருவர் கைப்பேசியில் அதைத் திறந்தால், தாம் நிற்கும் இடத்தின் செய்தியைத்தான் படித்துக்கொண்டிருப்பார்.